பதினாலுக்கு முன்னால் ஒரு கோடு

உப்பு விளையும் கடலுக்கும் நெல் விளையாத கண்மாய்க்கும் நடுவில், பஸ் நின்றாலும் நிற்காவிட்டாலும் கவலைப்படாத எங்கள் கொக்கரசனேந்தலைப் பற்றி அக்கம்பக்கத்து ஊர்க்காரர்கள் என்னென்னவோ சொல்வார்கள், சொல்லிவிட்டுப் போகட்டும், ஆனால் தண்ணீர் வற்றுவதை வற்றியதோடு நிறுத்தாமல் அதற்கும் கீழே பதினாலு சாண் போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்த ஊர் இந்தச் சீமையில் எங்கள் ஊர் ஒன்றுதான் என்பதை மட்டும் எவராலும் மறுக்க முடியாது.

எங்கள் ஊருக்குக் குடிதண்ணீர் தருவது ஒரே ஓர் ஊருணி. அதன் நடுவில் அளவுக்கல் நிற்கிறது. தரையில் பூஜ்யம் தொடங்கி மேலே இருபது வரை சாண் சாணாகக் கோடு வெட்டியிருக்கிறது. கீழத்தெருவுக்குக் கிழக்கே ஒரு படித்துறை, மேலத்தெருவுக்கு மேற்கே ஒரு படித்துறை. ஒரு படித்துறைக்குச் செய்ததை மறு படித்துறைக்கும் செய்தே ஆகவேண்டும் என்பது ஊர்க் கட்டு. ஒரு காலத்தில் கிழக்கே மட்டும் ஒரு விளக்குக் கம்பம் நட்டதற்காக மூன்று வருஷம் இரண்டு தெருவுக்கும் பெண் கொடுக்கல் எடுக்கலே நின்றுபோன பிறகு, இங்கே ஒரு தேங்காய் உடைத்தால் அங்கேயும் ஒரு தேங்காய், இங்கே ஒரு படி உடைந்ததென்று எடுத்தால் அங்கே நல்ல படியாகவே இருந்தாலும் ஒன்றைப் பெயர்த்து எடுத்துவிடுவது என்று பெரியவர்கள் முடிவு செய்தார்கள். இன்னொரு கட்டும் உண்டு. ஊருணிக் கரையில் நின்றுகொண்டு யாரும் 'இல்லை' என்று சொல்லக்கூடாது. சொன்னால் தண்ணீர் அதைக் கேட்டுவிடும். "கயிறு இருக்கா?" என்று கேட்டால், இல்லாதவள் "பெருகட்டும்" என்று சொல்லிவிட்டு வீட்டுக்குப் போய் எடுத்து வருவாள்.

தினமும் காலையில் அளவுக்கல்லைப் பார்த்து நோட்டில் குறித்து, கரையிலிருக்கும் கரும்பலகையிலும் எழுதிப் போடும் வேலை வில்லாயிக்கு. நாற்பத்தோரு வயது. பத்தாம் வகுப்புவரை படித்தவள், அதாவது பத்தாம் வகுப்பில் கணக்கில் முப்பத்துமூன்று மார்க் வாங்கியவள். முப்பத்தைந்து இருந்தால் பாஸ். 'ஓர் எண்ணுடன் மைனஸ் ஐந்தைக் கூட்டினால் மூன்று கிடைக்கிறது, அந்த எண் என்ன?' என்ற இரண்டு மார்க் கேள்விக்கு ஐந்திலிருந்து மூன்றைக் கழித்து இரண்டு என்று எழுதிவிட்டு வந்தாள். எட்டு என்று எழுதியிருந்தால் அவள் நர்ஸ் படிப்புக்குப் போயிருப்பாள். அந்த இரண்டு மார்க்கை அவளும் மறக்கவில்லை, ஊரும் அவளை மறக்க விடவில்லை. அவளுடைய நாத்தனார் ராக்கு, படித்துறையில் நாலு பேர் கூடினால் போதும், "என்ன ரெண்டு மார்க்கு மதினி, இன்னைக்கு எத்தனை சாண்?" என்று எதிர்க்கரைக்குக் கேட்கும்படி கூப்பிடுவாள். வில்லாயி சிரித்துக்கொண்டே பதில் சொல்வாள். உள்ளே வலிக்கும்.

மழை பொய்த்த அந்த வருஷம், பங்குனியில், ஊருணி பூஜ்யத்துக்கு வந்தது. வறண்ட வருஷங்களில் அப்படி வருவது வழக்கம்தான். ஆனால் மறுநாள் காலை வில்லாயி போய்ப் பார்த்தபோது தரை இருந்த இடத்தில் தரை இல்லை. அளவுக்கல் பூஜ்யத்துக்குக் கீழே இன்னும் இரண்டு சாண் நீண்டிருந்தது. அதே உளியால் அதே அளவில் வெட்டிய இரண்டு கோடுகள் அதில் இருந்தன. கல்லைச் சுற்றிலும், கரையிலிருந்து கரைவரை, தண்ணீரைப் போலவே தெளிவாக, தண்ணீரைப் போலவே மெல்ல அலையடித்துக்கொண்டு, தண்ணீர் அல்லாத ஒன்று கிடந்தது. அடுத்த நாள் நாலு சாண். அதற்கடுத்த நாள் ஆறு. பதினாலு சாணுக்குப் போன அன்று, கீழே போனது போதும் என்பதுபோல நின்றுவிட்டது.

அது என்ன, ஏன் வந்தது என்று நாங்கள் அதிகம் விசாரிக்கவில்லை, வந்த விருந்தாளியை வாசலில் நிறுத்தி வம்சம் விசாரிப்பது எங்கள் ஊர்ப் பழக்கம் இல்லை. வாளியை இறக்கி ஒரு வாளி மொண்டோம். வெறும் வாளியைவிட நிறைந்த வாளி எடை குறைவாக இருந்தது, கயிற்றை இழுக்கவே வேண்டியிருக்கவில்லை, அதுவாக மேலே வந்தது. குடத்தில் பிடித்து இடுப்பில் வைத்தவர்கள் அது எழும்பிவிடாமல் மேலே கையை வைத்து அமுக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார்கள். ராக்கு மட்டும் அவசரக்காரி, லாரித் தண்ணீர் ஒரு குடம் கிடந்த அண்டாவில் இதையும் ஒரு குடம் ஊற்றினாள்; சத்தமில்லை, ஆவியில்லை, இரண்டும் சேர்ந்து சுத்தமாகக் காணாமல் போய் அண்டா வெயிலில் காய்ந்ததுபோல் கிடந்தது. அன்றிலிருந்து எங்களுக்கு அதன் குணம் பிடிபட்டது. துவைத்த துணியை அதில் ஒரு முக்கு முக்கினால் மடித்து வைக்கும் பதத்தில் வந்தது. மிளகாய் காயவைக்க மொட்டைமாடி வேண்டியிருக்கவில்லை. கடலோரத்துக்காரர்கள் கூடை கூடையாக மீனைக் கொண்டுவந்து முக்கிக் கருவாடாகக் கொண்டு போனார்கள். ஒரு மிடறு குடித்துப் பார்த்த வீரன் ஒருவன் இரண்டு நாள் தாகத்தில் நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு அலைந்தான். மனக்கஷ்டம் உள்ள பெண்கள் முந்தானை நுனியை அதில் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். கண்ணீர் உடனே வற்றியது. ராக்கு கூப்பிட்டுக் கேலி செய்த ஒவ்வொரு நாளும் வில்லாயியும் கீழ்ப்படியில் தனியாக உட்கார்ந்து அப்படி ஒற்றிக்கொண்டுதான் எழுந்து போனாள்.

பலகையில் எப்படி எழுதுவது என்பதில்தான் சிக்கல் வந்தது. முதல் நாள் வில்லாயி இரண்டுக்கு முன்னால் ஒரு கழித்தல் கோடு போடச் சாக்கட்டியைத் தூக்கினாள். ஊருணிக் கமிட்டித் தலைவர் சேதுக்கருப்பன் ஓடிவந்து அவள் கையைப் பிடிக்காத குறையாகத் தடுத்தார்.

"ஏத்தா, என்ன காரியம் பண்ணப் பாத்த? கரையில நின்னு 'இல்ல'ன்னு சொல்றதும் ஒண்ணுதான், அந்தக் கோட்டப் போடுறதும் ஒண்ணுதான். வெறும் ரெண்டுன்னு போடு. நமக்குத் தெரியாதா என்ன ரெண்டுன்னு?"

"படிக்கிறவங்க தப்பா எடுத்துக்குவாங்க, பெரியப்பா."

"நம்ம பலகைய நம்மளத் தவிர எவன் படிக்கிறான்?"

அதுவும் சரிதான் என்று எங்களுக்குப் பட்டது. வில்லாயிக்கும் அந்தக் கோட்டைக் கண்டால் பழைய பரீட்சை ஹால் ஞாபகம் வரும், ஆகையால் அவளும் அதிகம் வாதாடவில்லை. பலகையில் இரண்டு, நாலு, ஆறு என்று ஏறி, கடைசியில் பதினாலு என்று கம்பீரமாக நின்றது. நோட்டிலும் அப்படியே. எங்கள் ஊர் செய்த ஒரே தப்பு அதுதான். அதையும் நாங்கள் மறைப்பதில்லை.

சித்திரையில் வருஷத்துக்கு ஒரே ஒரு நாள் அணையிலிருந்து குடிதண்ணீர் ஊருணிகளுக்கு வாய்க்கால் திறப்பார்கள். அன்று விட்டால் அப்புறம் ஐப்பசி மழைதான். எந்த ஊருக்கு எத்தனை சாண் என்று முடிவு செய்ய ஞானதுரை என்ற அதிகாரி ஜீப்பில் வந்தார். நல்ல மனுஷர், வெயிலில் தொப்பி போடாமல் வந்தார். ஊரே இரண்டு படித்துறையிலும் திரண்டு நின்றது. அவர் நோட்டைப் புரட்டினார், பலகையைப் பார்த்தார், முகம் மலர்ந்தது.

"மழை வரைக்கும் உங்க ஊருக்கு ஒன்பது சாண் போதும். பதினாலு இருக்கே! ரொம்ப சந்தோஷம். உங்க பங்கைப் பக்கத்து ஊருக்குத் திருப்பி விட்டுடறேன்."

வாயைத் திறந்து 'இல்லை' என்று சொல்ல வேண்டும், சொல்லக்கூடாது. சேதுக்கருப்பன் "பெருகட்டும்... பெருகட்டும்..." என்று முனகினார். அதிகாரி அதை ஆசீர்வாதம் என்று நினைத்துக் கும்பிட்டுவிட்டு ஜீப்பை நோக்கித் திரும்பினார். ஒரு ஊர் முழுக்க நின்றுகொண்டு தன் தண்ணீர் போவதைப் பார்த்துக்கொண்டிருந்தது.

அப்போதுதான் வில்லாயி சாக்கட்டியை எடுத்தாள். பதினாலுக்கு முன்னால், பலகையின் ஓரத்திலிருந்து நீளமாக, எதிர்க்கரைக்குத் தெரியும்படி ஒரு கோடு இழுத்தாள்.

"சார், நில்லுங்க. இது மைனஸ் பதினாலு. எங்க ஊருணியில தண்ணி இல்ல. இல்லாததுக்கும் கீழ பதினாலு சாண் இல்ல."

சேதுக்கருப்பன் காதைப் பொத்திக்கொண்டார். ஒன்றும் ஆகவில்லை. அதிகாரி இறங்கிப் போய்த் தன் பாட்டில் தண்ணீரைக் கொஞ்சம் ஊற்றினார். விழுந்த இடத்தில் அது காணாமல் போனது. குனிந்து விரலை நனைத்துப் பார்த்தார், விரல் காய்ந்து வந்தது. ஆச்சரியப்பட நேரமில்லாத மனுஷர், பேனாவைத் திறந்தார்.

"எத்தனை நாளா இப்படி இறங்குச்சு?"

"ஒரு நாளைக்கு ரெண்டு சாண் கீழ போச்சு. பதினாலு சாண் கீழ போக ஏழு நாள், சார்."

"சரி. மைனஸ் பதினாலு. வேண்டியது ஒன்பது." அவர் எழுதினார். "பதினாலுல ஒன்பது போனா அஞ்சு. அஞ்சு சாண் விடச் சொல்றேன்."

அதைக் கேட்டதும் வில்லாயிக்குப் பரீட்சையில் தான் எழுதிய அந்த இரண்டு ஞாபகம் வந்தது. இருபத்தைந்து வருஷம் தூக்கத்தில்கூட அவளை விடாத அதே தப்பு, அதே ஜாதகம், இப்போது பேனா பிடித்த கையில் வந்து அவள் எதிரில் நின்றது. அவளுக்குப் பயம் போய்விட்டது. இந்தத் தப்பை அவளைவிட நன்றாக அறிந்தவர்கள் இந்த உலகத்தில் யார்?

"ராக்கு," என்று நாத்தனாரைக் கூப்பிட்டாள், "எங்க வீட்டுல மூணு குடம் தண்ணி இருக்கும். மூணையும் தூக்கிட்டு வா."

"மதினி, அதான் உங்க வீட்டுல கடைசித் தண்ணி. லாரி இன்னும் நாலு நாள் கழிச்சுத்தான்."

"தெரியும். எடுத்துட்டு வா."

ஊருணியிலிருந்து மைனஸ் தண்ணீர் இரண்டு குடம் மொண்டு ஒரு பெரிய அண்டாவில் ஊற்றினாள். அண்டா தரையை விட்டு எழும்பப் பார்த்தது, இரண்டு பேர் பிடித்துக்கொண்டார்கள். "சார், இதுல மைனஸ் ரெண்டு இருக்கு. எனக்கு ஒரு குடம் நல்ல தண்ணி வேணும். உங்க கணக்குப்படி ரெண்டுல ஒண்ணு போனா ஒண்ணு. ஒரு குடம் ஊத்துறேன்." ஊற்றினாள். அண்டாவில் பாதி குறைந்தது, அவ்வளவுதான். "இன்னும் மைனஸ் ஒண்ணு கெடக்கு. தண்ணி எங்க சார்?" இரண்டாவது குடத்தை ஊற்றினாள். அண்டா வெறுமையாகக் காய்ந்து கிடந்தது. கூட்டத்தில் யாரோ ஒரு கிழவி "ஐயோ, குடிக்கிற தண்ணியாச்சே" என்று அழுதாள். வில்லாயி மூன்றாவது குடத்தையும் தூக்கிச் சாய்த்தாள். அண்டாவின் அடியில் தண்ணீர் நின்றது, நிஜமான தண்ணீர், அவள் முகம் அதில் தெரிந்தது. "மைனஸ் ரெண்டிலேருந்து ஒண்ணுக்கு வர மூணு. அப்ப மைனஸ் பதினாலுலேருந்து ஒன்பதுக்கு?"

அதிகாரி விரல் விட்டு எண்ணவில்லை, ஆனால் உதடு அசைந்தது. "இருபத்துமூணு," என்றார். பிறகு நெற்றியைத் தேய்த்தார். "எனக்குப் புரிஞ்சிடுச்சும்மா. ஆனா ஃபைல்ல என்ன எழுதறது? எந்த ஊருக்கும் இருபத்துமூணு சாண் விட்டதே கிடையாது. அண்டாவையா கொண்டு போய்க் காட்ட முடியும்?"

"எங்க படித்துறைக் கட்டுப்பாட்டை எழுதுங்க, சார்," என்றாள் வில்லாயி. பலகையை அழித்துவிட்டு நடுவில் சமக்குறி போட்டாள். "இது கீழப் படித்துறை, இது மேலப் படித்துறை. கீழப் பக்கம், நீங்க விடப்போற தண்ணியும் மைனஸ் பதினாலும். மேலப் பக்கம், எங்களுக்கு வேண்டிய ஒன்பது. கீழப் பக்கம் இருக்கிற மைனஸ் பதினாலு தொலையணும்னா அங்கே பதினாலு ஊத்தணும். கீழப் பக்கம் ஊத்தினா மேலப் பக்கமும் பதினாலு ஊத்தியே ஆகணும், எங்க ஊருல அதுக்கு விலக்கே கிடையாது. இப்ப கீழப் பக்கம் நீங்க விடப்போற தண்ணி மட்டும் தனியா நிக்குது. மேலப் பக்கம் ஒன்பதும் பதினாலும் இருபத்துமூணு."

இரண்டு படித்துறையிலும் இருந்தவர்கள் பலகையைப் பார்த்தார்கள், ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். சண்டை போட்டுச் சண்டை போட்டு நாங்கள் உண்டாக்கிய கட்டு இவ்வளவு பெரிய கட்டு என்று எங்களுக்கே அன்றைக்குத்தான் தெரிந்தது. அதிகாரி பலகையில் இருந்ததை ஒரு புள்ளி விடாமல் ஃபைலில் எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

மறுநாள் காலை ஆறு மணிக்கு ஷட்டர் திறந்தது. மணிக்கு இரண்டு சாண் கணக்கில் வாய்க்கால் நுரைத்துக்கொண்டு வந்து ஊருணிக்குள் விழுந்தது, விழுந்து விழுந்து காணாமல் போனது. எட்டு மணிக்கும் தண்ணீர் இல்லை, பத்து மணிக்கும் தண்ணீர் இல்லை. கல்தான் கொஞ்சம் கொஞ்சமாக மண்ணுக்குள் போய்க்கொண்டிருந்தது. பக்கத்து ஊரிலிருந்து அதிகாரிக்குப் போன் மேல் போன். "அந்த ஊர்ல தண்ணியை ஓட்டைப் பானையில ஊத்துறீங்களா?" என்று யாரோ கத்தியது எங்கள் எல்லோருக்கும் கேட்டது. பன்னிரண்டு மணிக்கு அவர் வில்லாயியைப் பார்த்தார். அவள் வாய்க்காலைப் பார்த்துக்கொண்டு, "இன்னும் ரெண்டு சாண் அதுக்கு, ஒன்பது சாண் எங்களுக்கு," என்றாள். அவர் போனை அணைத்துச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

சரியாக ஒரு மணிக்கு, கல்லில் பூஜ்யக் கோடு தரையைத் தொட்டது. ஊருணி முழுக்க வெடித்த வெறும் மண், எங்கள் பழைய மண், எங்களுக்குத் தெரிந்த அதே தரை. அதைக் கண்டதும் வாழ்நாள் முழுக்க அந்தச் சொல்லைக் கரையில் சொல்லாத, சொன்னவர்களுக்கு அபராதம் போட்ட சேதுக்கருப்பன், வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு படியில் குதித்து, தொண்டை கிழியக் கத்தினார்:

"ஒண்ணுமே இல்லடா! நம்ம ஊருணியில ஒண்ணுமே இல்ல!"

கீழப் படித்துறை கைதட்டியது. மேலப் படித்துறை குலவையிட்டது. காலியான ஊருணியைப் பார்த்து ஆனந்தக் கூத்தாடிய ஊர் எது என்று யாராவது கேட்டால் தயங்காமல் எங்கள் பெயரைச் சொல்லுங்கள்.

அதற்கப்புறம் விழுந்த தண்ணீர் விழுந்த இடத்திலேயே நின்றது. மண் நனைந்தது, படி நனைந்தது, கல் ஒவ்வொரு சாணாக நனைந்தது. ஐந்தரை மணிக்கு ஷட்டரை மூடினார்கள். அதிகாரி தானே இறங்கிப் போய்க் கல்லைப் பார்த்தார். ஒன்பது சாண். ஒன்பதுக்கு மேல் ஒரு நூல் அளவு கூடுதல். அந்த ஒரு நூல் எப்படி வந்தது என்று அவர் கணக்கைத் திருப்பித் திருப்பிப் போட்டுப் பார்த்தார். பெண்களெல்லாம் வானத்தைப் பார்த்தார்கள். முந்தின நாள் சாயங்காலமே, இனிமேல் கிடைக்காதே என்று, இருநூறு வீட்டிலும் ஆளுக்கொரு குடம் மைனஸ் தண்ணீரை மொண்டு அடுப்படியில் ஒளித்து வைத்திருந்தது அவருக்கு எப்படித் தெரியும்? இல்லாததை எடுத்து ஒளித்தால் இருப்பது கூடும் என்று வில்லாயிக்கு மட்டும் தெரிந்திருந்தது. அவளும் ஒரு குடம் ஒளித்திருந்ததால் வாயைத் திறக்கவில்லை.

மறுநாள் காலை அவள் பலகையில் ஒன்பது என்று எழுதப் போனாள். இரண்டு கரையிலும் தண்ணீர் மொள்ளும் கூட்டம். எதிர்ப் படித்துறையிலிருந்து ராக்கு, குடத்தை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு, நிறைந்த குடம் பழையபடி கனப்பதில் கொஞ்சம் சாய்ந்து நின்றபடி, ஊருக்கே கேட்கும்படி கூப்பிட்டாள்.

"என்ன இருபத்துமூணு மதினி, இன்னைக்கு எத்தனை சாண்?"

யாரும் சிரிக்கவில்லை. வில்லாயி சாக்கட்டியைப் பிடித்தபடி நின்றாள். கண் நிறைந்தது. வீட்டில் அடுப்புக்குப் பின்னால் ஒரு குடம் இருந்தது, முந்தானையைத் தொட்டு ஒற்றினால் ஒரு நொடியில் காய்ந்துவிடும். அவள் போகவில்லை. கண்ணீர் கன்னத்தில் இறங்கி, தாடையில் நின்று, சொட்டட்டும் என்று விட்டுவிட்டு, ஒன்பது என்று பெரிதாக எழுதினாள்.

"ஒன்பது," என்றாள். "இருக்கு."